திருமேனியும் கலைப்பொருளும்: நவீனக் கலைக்கோட்பாட்டு வரலாற்றில் தென்னிந்தியச் செப்புப் படிமங்கள்

1. முன்னுரை

சோழர் காலச் செப்புத்திருமேனி ஒன்று கோயிலில் இறைவனாக எழுந்தருளியிருக்கிறது. அருங்காட்சியகத்தில் கலைப்பொருளாக நிற்கிறது. நீதிமன்றத்தில் வழக்குப்பொருளாக வைக்கப்படுகிறது. உலோகம் ஒன்றே. அதனை ஏற்கும் சொல் மாறும்போது அது இருக்கவேண்டிய இடமும், அதன்மீது உரிமை கொண்டாடுவோரும், அதன்முன் மனிதர் நடந்துகொள்ளும் முறையும் மாறிவிடுகின்றன. இம்மாற்றத்தைச் செய்த சொற்களுள் முதன்மையானது ‘கலை’ என்பதாகும். ஐரோப்பாவில் 18ஆம் நூற்றாண்டில் புதுப்பொருள் பெற்ற இச்சொல், 19ஆம் நூற்றாண்டில் தென்னிந்தியப் படிமங்களை வெளியே நிறுத்தியது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உள்ளே அழைத்தது. வெளியே நிறுத்தியதன் இழப்பு பலராலும் பேசப்பட்டுள்ளது. உள்ளே அழைத்ததற்குக் கொடுக்கப்பட்ட விலை அந்த அளவிற்குப் பேசப்படவில்லை.

நவீனக் கலைக்கோட்பாடு, கலைத் திறனாய்வு ஆகியவற்றின் வரலாற்றை இப்படிமங்களின் வழியே நோக்குவது இக்கட்டுரையின் பணியாகும். 1910ஆம் ஆண்டை ஒட்டி இலண்டனில் எழுந்த விவாதம் இதன் நடுப்பகுதி. அதற்கு முன்னர் அமைந்த கோட்பாட்டுப் பின்னணியும், அதன் பின்னர் ஆனந்த குமாரசுவாமி வகுத்த மாற்றுவழியும், அவ்வழியின் எல்லைகளும், அண்மைக்காலச் சட்ட வழக்குகளும் நிரலே ஆராயப்படுகின்றன.

2. ‘நுண்கலை’ என்னும் வகைப்பாட்டின் தோற்றம்

ஓவியம், சிற்பம், கட்டடம், இசை, கவிதை ஆகிய ஐந்தையும் ஓரினமாகக் கருதி, பிற தொழில்களிலிருந்து பிரித்து நிறுத்தும் வழக்கம் ஐரோப்பாவிலும் தொன்மையானதன்று. கிரேக்கரும் இடைக்கால ஐரோப்பியரும் கலை என்பதற்கு வழங்கிய சொற்கள் தச்சு, மருத்துவம், இலக்கணம் முதலிய எல்லாத் திறன்களையும் தழுவியிருந்தன. ஐந்து கலைகளின் தொகுதி 18ஆம் நூற்றாண்டிலேயே உறுதிப்பட்டது என்பதைப் பால் ஒஸ்கர் கிறிஸ்டெல்லர் 1951-52இல் வெளியிட்ட ஆய்வில் நிறுவினார். பிரெஞ்சு அறிஞர் பத்தோ 1746இல் இக்கலைகளை ஒரே கொள்கையின்கீழ்க் கொணர்ந்தார். பௌம்கார்ட்டன் அழகியலுக்குப் பெயரும், 1750இல் நூலும் தந்தார். காண்ட் 1790இல் அழகு பற்றிய தீர்ப்பு பயன்நோக்கற்ற இன்பத்தின் பாற்பட்டது என வரையறுத்தார். பொருளை உடைமையாக்கவோ, உண்ணவோ, வழிபடவோ விழையாது, தோற்றத்தை மட்டும் நோக்கி மகிழும் மனநிலை கலைநுகர்வின் அடிப்படையாயிற்று.

கோட்பாட்டோடு நிறுவனங்களும் வளர்ந்தன. பாரிஸ் ஓவியக் காட்சிகளைப் பற்றி 1759 முதல் திதரோ எழுதிய மதிப்புரைகள் கலைத் திறனாய்வை ஓர் எழுத்துவகையாக்கின. 1793இல் லூவர் அரண்மனை மக்களுக்குரிய அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டது. தேவாலயப் பலிபீடத்தின் மேல் இருந்த ஓவியம் அங்கே சுவரில் தொங்கியது. அதன்முன் மண்டியிடுவோர் இல்லை. நின்று நோக்குவோரே இருந்தனர். ஐரோப்பாவின் சமயப் படிமங்களே முதலில் இம்மாற்றத்துக்கு உட்பட்டன என்பதை நினைவிற்கொள்ளல் வேண்டும். ஹான்ஸ் பெல்ட்டிங் 1990இல் வெளியிட்ட நூலில், கிறித்தவப் படிமங்களின் வரலாற்றை இக்கருத்தின் அடிப்படையிலேயே இரு காலங்களாகப் பகுத்தார்: படிமத்தின் காலம் ஒன்று, கலையின் காலம் மற்றொன்று. எனவே தென்னிந்தியத் திருமேனிக்கு நேர்ந்தது கீழைநாட்டுக்கு மட்டும் உரிய ஊழ் அன்று. ஆயினும் வேறுபாடு ஒன்று உண்டு. ஐரோப்பியப் படிமம் கலையானபோது அதனைச் செய்த சமூகமே அம்மாற்றத்தை நிகழ்த்தியது. தென்னிந்தியத் திருமேனி கலையானபோது அதனை வழிபட்ட சமூகத்திடம் யாரும் கேட்கவில்லை.

தமிழில் இத்தகைய தொகுதி பழங்காலத்தில் இருந்ததில்லை. அறுபத்து நான்கு கலைகள் என்னும் மரபு எண்ணிக்கை வேறொரு பகுப்பின் பாற்பட்டது. மதுரைக்காஞ்சியும் சிலப்பதிகாரமும் ஓவியரைக் கண்ணுள்வினைஞர் எனச் சுட்டுகின்றன. காண்போர் கண்ணை நிறுத்தவல்ல தொழிலர் என்பது அதன் கருத்து. அச்சொல்லில் வினையும் காட்சியும் பிரியாது நிற்கின்றன. நுண்கலை, கவின்கலை, அழகுக்கலை ஆகிய வழக்குகள் ஐரோப்பிய வகைப்பாட்டுக்கு ஈடாக நிலைபெற்றவை. மயிலை சீனி. வேங்கடசாமி 1956இல் ‘தமிழர் வளர்த்த அழகுக் கலைகள்’ என நூலுக்குப் பெயரிட்டபோது, தமிழர் மரபின் செல்வம் அப்புதிய வகைப்பாட்டுக்குள் அடுக்கப்பட்டது.

3. வெளியே நிறுத்தப்பட்ட படிமங்கள்

ஹெகல் பெர்லினில் ஆற்றிய அழகியல் விரிவுரைகள் அவர் மறைவுக்குப் பின்னர் 1835 முதல் நூலாயின. கலையின் வரலாற்றைக் குறியீட்டுநிலை, செவ்வியல்நிலை, காதனவநிலை என மூன்றாகப் பகுத்த அவர், இந்தியக் கலையை முதல் நிலையில் வைத்தார். பல கைகளும் பல தலைகளும் கொண்ட உருவங்கள், கருத்து தனக்கேற்ற வடிவைக் காணாது தடுமாறியதன் அடையாளம் என்பது அவர்தம் முடிவு. கிரேக்கச் சிற்பத்தில் கருத்தும் வடிவும் பொருந்தின என்பது அம்முடிவின் மறுபக்கம். இதில் கவனிக்கத்தக்கது, இந்தியப் படிமங்களின் இடம் அவற்றைக் கண்டு தீர்மானிக்கப்படவில்லை என்பதே. வரலாறு எத்திசையில் செல்கிறது என்ற கொள்கையே அதனைத் தீர்மானித்தது.

இங்கிலாந்தில் நிலைமை வேறாக இருந்தது. 1851ஆம் ஆண்டின் பெருங்கண்காட்சியில் இந்திய நெசவும் உலோகவேலையும் பெரும் பாராட்டைப் பெற்றன. ஓவன் ஜோன்ஸ் 1856இல் வெளியிட்ட அணிவடிவ இலக்கண நூல், இந்திய அணிவேலைப்பாட்டை ஆங்கில உற்பத்தியாளருக்கு முன்மாதிரியாகக் காட்டியது. ஜான் ரஸ்கினோ 1858 சனவரியில், வட இந்தியக் கிளர்ச்சியின் செய்திகள் சூடாறாத வேளையில், இலண்டனில் ஆற்றிய உரையில் வேறு வழியில் சென்றார். இந்தியரின் அணிவேலை நுட்பமானதே. ஆனால் இயற்கையை நோக்காத கலை அதனைச் செய்யும் மக்களின் ஒழுக்கத்தைக் கெடுக்கும் என்றார். கலைத்தீர்ப்பு அரசியல் தீர்ப்புக்குத் துணைசெய்த தருணங்களுள் இதுவும் ஒன்று.

இவ்விரு போக்குகளும் ஜார்ஜ் பேர்ட்வுட்டிடம் சந்தித்தன. பெல்காமில் பிறந்து, பம்பாயில் பணியாற்றிய பேர்ட்வுட் இந்தியாவை வெறுத்தவர் அல்லர். கிராமத்துக் குயவரையும் நெசவாளரையும் கன்னாரையும் போற்றி எழுதியவர். எனினும், தென் கென்சிங்டன் அருங்காட்சியகத்தின் இந்தியப் பிரிவுக்காக 1880இல் எழுதிய ‘இந்தியாவின் தொழிற்கலைகள்’ என்னும் கையேட்டில், புராண தெய்வங்களின் இயற்கைக்கு மாறான உருவங்கள் உயர்ந்த கலைக்கு ஏற்றவை அல்ல என்றும், சிற்பமும் ஓவியமும் நுண்கலைகளாக இந்தியாவில் இல்லை என்றும் கூறினார். செம்பும் குடமும் தொழிற்கலைப் பகுதியில் இடம்பெறலாம். தெய்வ உருவம் கலைக்கூடத்தில் இடம்பெறலாகாது. புழங்கும் பொருளைப் பாராட்டியவர் வழிபடும் பொருளைத் தள்ளினார். பாராட்டும் தள்ளலும் ஒரே கோட்பாட்டின் இரு விளைவுகளாயின. கைவினை என்னும் தாழ்ந்த அறை இந்தியாவுக்கு ஒதுக்கப்பட்டது.

இப்பகுப்பு சென்னையிலும் கல்வி நிறுவனத்தின் வடிவெடுத்தது. அலெக்சாண்டர் ஹண்டர் 1850இல் தொடங்கிய கலைப்பள்ளி, பிற்காலத்தில் அரசினர் கவின்கலைக் கல்லூரியாக வளர்ந்தது. ஆகம, சிற்பநூல் மரபுவழிச் சிற்பம் பயிற்றும் கல்லூரி 1957இல் மாமல்லபுரத்தில் தனியே நிறுவப்பட்டது. முன்னதில் பயின்றவர் கலைஞர் எனப்பட்டார். பின்னதில் பயின்றவர் ஸ்தபதி எனப்பட்டார். முன்னவருடைய படைப்புக்குத் திறனாய்வாளர் மதிப்புரை எழுதினார். பின்னவருடைய படைப்புக்குக் குடமுழுக்கு நடந்தது. 18ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவில் தோன்றிய வகைப்பாடு தமிழகத்தில் இரண்டு கல்லூரிகளாக நிற்கிறது என்று கூறுவது மிகையாகாது.

4. 1910: இரு கதவுகள்

1910 சனவரி 13இல் இலண்டன் அரச கலைக் கழகத்தில் ஈ. பி. ஹாவெல் கட்டுரை படித்தார். 1884இல் சென்னைக் கலைப்பள்ளியின் பொறுப்பை ஏற்று, 1896இல் கல்கத்தா சென்ற ஹாவெல், இந்தியச் சிற்பமும் ஓவியமும் பற்றி 1908இல் எழுதிய நூலில் பேர்ட்வுட்டின் கருத்துக்கு நேர்மாறான நிலையை எடுத்திருந்தார். கூட்டத்துக்குத் தலைமை தாங்கியவர் பேர்ட்வுட்டே. சாவகத்தைச் சேர்ந்த புத்தர் படிமம் ஒன்றின் நிழற்படத்தைச் சுட்டி, மன அமைதியைக் காட்டுவதற்கு ஆங்கிலேயர் மாவும் கொழுப்பும் சேர்த்து அவித்துண்ணும் பண்டமே போதும் என்ற பொருளில் அவர் ஏளனம் செய்தார். பிப்ரவரி 28இல் ‘டைம்ஸ்’ நாளிதழில், வில்லியம் ரோதன்ஸ்டைன் உள்ளிட்ட 13 பேர் கையொப்பமிட்ட மறுப்பு மடல் வெளிவந்தது. அதே ஆண்டில் இந்தியக் கழகம் இலண்டனில் நிறுவப்பட்டது. இரவீந்திரநாதரின் கீதாஞ்சலியை 1912இல் ஆங்கிலத்தில் முதலில் வெளியிட்டதும் இக்கழகமே.

இவ்வெற்றி எவ்வாறு கிட்டியது என்பது கோட்பாட்டு வரலாற்றுக்குரிய வினா. இந்தியப் படிமங்கள் மாறிவிடவில்லை. அவற்றைப் பற்றிய அறிவும் ஓரிரு ஆண்டுகளில் திடீரெனப் பெருகிவிடவில்லை. மாறியது ஐரோப்பியக் கலையே. அதே ஆண்டு சனவரியில் ரோஜர் ஃப்ரை ‘குவார்ட்டர்லி ரிவியூ’ இதழில் கீழைக்கலை பற்றி எழுதினார். நவம்பரில் அவரே கிராஃப்டன் கூடத்தில் மானே, செசான், கோகான், வான் கோ ஆகியோரின் ஓவியங்களைக் காட்சிப்படுத்தி, பின்-உணர்வுப்பதிவியம் என்னும் பெயரை வழக்கில் கொணர்ந்தார். இயற்கையை உள்ளவாறு காட்டுவதே கலை என்னும் கொள்கை தளர்ந்தவுடன், இயற்கையை உள்ளவாறு காட்டவில்லை என்னும் குற்றச்சாட்டும் தளர்ந்தது. கோடு, பருமன், ஒத்திசைவு, வண்ணம் ஆகியவற்றின் ஒழுங்கே கலை என்றால், நான்கு கைகள் குறையாகத் தோன்றவேண்டியதில்லை. கிளைவ் பெல் 1914இல் ‘பொருளார்ந்த வடிவம்’ என்னும் கருத்தை முன்வைத்து, கலையை நுகர்வதற்கு வாழ்க்கையிலிருந்து எந்த அறிவையும் கொண்டுவரத் தேவையில்லை என்று வாதிட்டார். பாரசீகக் கிண்ணமும் மெக்சிகச் சிற்பமும் ஜியோத்தோவின் சுவரோவியமும் ஒரே தகுதியில் நின்றன.

இது முதற்கதவு. இதன் வழியே நுழைந்த தென்னிந்தியத் திருமேனிக்குக் கிடைத்த சிறந்த வரவேற்பு ரோடானுடையது. சென்னை அருங்காட்சியகத்திலுள்ள திருவாலங்காட்டு நடராசரின் நிழற்படங்களைக் கண்டு 1913இல் அவர் எழுதிய குறிப்புகள், அவர் மறைந்த பின் 1921இல் பாரிசில் ‘ஆர்ஸ் ஆசியாட்டிகா’ வரிசையின் மூன்றாம் தொகுதியில் ஹாவெல், குமாரசுவாமி, கொலூபேவ் ஆகியோரின் எழுத்துகளுடன் வெளிவந்தன. ஒளியும் நிழலும் உடலின்மேல் விளையாடுவதையும், உதட்டின் நெளிவையும், கால்களின் விசையையும் சிற்பியின் கண்கொண்டு அவர் பின்தொடர்கிறார். ஐரோப்பியப் பெருஞ்சிற்பி ஒருவர், பெயரறியாச் சோழநாட்டு வார்ப்பாளரைத் தம் நிகராக ஏற்ற எழுத்து அது. ஆயினும் திருவாலங்காடு என்னும் ஊர் அவ்வெழுத்தில் ஒரு பொருளையும் தருவதில்லை. அவ்வூர்ச் சுடுகாட்டில் இறைவன் ஆடுவதைப் பேயுருக்கொண்டு பாடிய காரைக்காலம்மையாரைக் கற்ற தமிழ் வாசகருக்கு அத்திருமேனியின் கால்கள் வேறொரு நிலத்தில் ஊன்றியவை. வடிவத்தை மட்டும் நோக்கும் முறை உலகின் எல்லாப் பொருள்களையும் ஏற்றுக்கொள்ளும். ஏற்கும்போதே அவற்றின் ஊரையும் பாடலையும் வாசலில் நிறுத்திவிடும். மேலும், அந்த ஏற்பு நிலையானதுமன்று. ஃப்ரை தம் வாழ்வின் இறுதியில் கேம்பிரிட்ஜில் ஆற்றிய விரிவுரைகளில் இந்தியச் சிற்பத்தின் புலனின்ப இயல்பு குறித்து மனக்கசப்பையே வெளிப்படுத்தினார். வடிவம் ஒன்றே அளவுகோல் என்றவருக்கும் உடல் இடையூறாக நின்றது.

5. குமாரசுவாமியின் மாற்றுவழி

இரண்டாம் கதவைத் திறந்தவர் ஆனந்த குமாரசுவாமி. 1877இல் கொழும்பில், சேர் முத்துக் குமாரசுவாமிக்கும் ஆங்கிலேயப் பெண்மணியான எலிசபெத் கிளே பீபிக்கும் பிறந்த இவர், நிலவியலில் இலண்டன் பல்கலைக்கழக முனைவர் பட்டம் பெற்றவர். இலங்கையின் கனிமவள ஆய்வுக்குத் தலைமை தாங்கியவர். ஊரூராகச் சென்ற அப்பணியிலேயே கண்டிய நாட்டுக் கைவினைஞரின் வாழ்வை அறிந்தார். அதன் பயனாக விளைந்த ‘இடைக்காலச் சிங்களக் கலை’ 1908இல், வில்லியம் மொரிஸ் பயன்படுத்திய அச்சுப்பொறியில் அச்சிடப்பட்டது. தொழிற்கலையையும் நுண்கலையையும் பிரிக்கலாகாது என்னும் மொரிஸ் மரபின் கொள்கையே அவருடைய சிந்தனையின் முதல் தளம்.

‘சிவனின் நடனம்’ என்னும் அவருடைய புகழ்பெற்ற கட்டுரை, 1918இல் நியூயோர்க்கில் வெளியான தொகுதியின் வழியே உலகறிந்தது. அக்கட்டுரை முதலில் வெளிவந்தது 1912இல், தமிழகத்தில் ஜே. எம். நல்லசாமிப்பிள்ளையின் பெயரோடு பிணைந்த ‘சித்தாந்த தீபிகை’ என்னும் ஆங்கிலத் திங்களிதழில். சைவ சித்தாந்த நூல்களை ஆங்கிலத்தில் பெயர்த்த நல்லசாமிப்பிள்ளையின் உழைப்பு இன்றிக் குமாரசுவாமியின் கட்டுரை அந்த உருவில் அமைந்திராது. திருமந்திரத்தின் திருக்கூத்துப் பகுதியும், மனவாசகங்கடந்தாரின் உண்மைவிளக்கமும், குமரகுருபரரின் சிதம்பர மும்மணிக்கோவையும் அதன் சான்றுகள். துடி படைப்பையும், அமைந்த கை காத்தலையும், தீ அழித்தலையும், ஊன்றிய பாதம் மறைத்தலையும், தூக்கிய பாதம் அருளலையும் குறிப்பன என்னும் ஐந்தொழில் விளக்கம் தமிழ்ச் சித்தாந்த மரபிலிருந்தே உலகுக்குச் சென்றது. அமெரிக்கப் பல்கலைக்கழகப் பாடநூலிலும் ஐரோப்பிய அருங்காட்சியக விளக்கப் பலகையிலும் இன்று காணப்படும் பொருள்விளக்கம் இதுவே. 20ஆம் நூற்றாண்டுக் கலைத் திறனாய்வுக்குத் தமிழ்நூல்கள் அளித்த நேரடிக் கொடை எனக் கூறத்தக்கது இது. ஆனால் இந்திய ஞானம் என்னும் பொதுப்பெயரின்கீழ் அது பரவியமையால், தமிழ் என்னும் முகவரி பெரும்பாலும் அதனுடன் செல்லவில்லை.

1917இல் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் பொறுப்பேற்ற குமாரசுவாமி, 1947இல் மறையும்வரை அங்கேயே பணியாற்றினார். 1934இல் வெளியிட்ட ‘கலையில் இயற்கையின் மாற்றுருவாக்கம்’ என்னும் நூலில் அவருடைய கோட்பாடு முழுவடிவம் பெற்றது. இந்தியச் சிற்பநூல்களையும் இடைக்காலக் கிறித்தவச் சிந்தனையாளர் எக்கார்ட்டையும் அருகருகே வைத்து, விதிவிலக்கு ஆசியா அன்று, மறுமலர்ச்சிக்குப் பிந்திய ஐரோப்பாவே விதிவிலக்கு என்று நிறுவ முயன்றார். புலனுணர்வைக் குறிக்கும் சொல்லிலிருந்து பெயர்பெற்ற அழகியல், அறிவின் பாற்பட்ட கலையை விளக்கவல்லதன்று என்பது அவர் வாதம். ஒன்றை முறையாகச் செய்யும் அறிவே கலை. செய்யப்பட்ட பொருள் தன் பயனுக்குப் பொருந்துவதே அதன் அழகு. இந்நோக்கில் காண்டின் பயன்நோக்கற்ற இன்பம் ஒரு நோயாகவே அவருக்குத் தோன்றியது. 1943இல் வெளியான நூலின் தலைப்பிலேயே, கலைப்பொருள்களை ஏன் காட்சிக்கு வைக்கவேண்டும் என்று வினவினார். அருங்காட்சியக அலுவலர் ஒருவர் தம் நிறுவனத்தின் அடிப்படையையே வினவியது நவீனத் திறனாய்வு வரலாற்றில் அரிய நிகழ்வாகும்.

6. மாற்றுவழியின் எல்லைகள்

குமாரசுவாமியின் சாதனையை மதிப்பது அதன் எல்லைகளைக் காண்பதற்குத் தடையாகாது. முதலாவது எல்லை காலம் பற்றியது. உண்மைவிளக்கம் 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. நடராசத் திருமேனியின் நிலைபெற்ற வடிவம் 10ஆம் நூற்றாண்டில், கண்டராதித்தரின் தேவியான செம்பியன் மாதேவி எடுப்பித்த கோனேரிராசபுரம் முதலிய கற்றளிகளின் காலத்தில், பரவலாகத் தோன்றுகிறது. பின்வந்த நூலின் பொருளை முன்வந்த படிமத்தின் தோற்றப்பொருளாகக் கொள்வது வரலாற்று முறைக்கு ஒவ்வாது. கமில் சுவெலபில் 1985இல் ஆனந்த தாண்டவம் பற்றிச் சென்னையில் வெளியிட்ட நூல் இவ்வடிவத்தின் வரலாற்றைத் தனியே ஆராய்ந்தது. பத்மா கைமல் 1999இல் வெளியிட்ட கட்டுரை, குமாரசுவாமியின் விளக்கத்துக்கு அப்பாற்சென்று, சுடுகாட்டு ஆடலின் அழிவுப்பொருளையும் சோழ அரச குடும்பத்தின் அரசியல் தேவைகளையும் எடுத்துக்காட்டியது. படிமத்தின் பொருள் ஒருமுறை நிறுவப்பட்டு அப்படியே நிற்பதன்று. வழிபடுவோரும் ஆள்வோரும் மாற மாற அதுவும் மாறியது என்பது இவ்வாய்வுகளின் பொதுமுடிவு.

இரண்டாவது எல்லை ஆவணங்கள் பற்றியது. தஞ்சைப் பெரியகோயில் கல்வெட்டுகள் ஹூல்ஷ் அவர்களால் 1891 முதல் தென்னிந்தியக் கல்வெட்டுகள் இரண்டாம் தொகுதியில் பதிப்பிக்கப்பட்டன. முதலாம் இராசராசனும் அவன் தமக்கை குந்தவையும் பிறரும் எழுந்தருளுவித்த செப்புத்திருமேனிகளை அவை ஒன்றொன்றாக விவரிக்கின்றன. பாதம் முதல் கேசம் வரை உயரம் எத்தனை விரல், திருக்கைகள் எத்தனை, கனமாக வார்த்ததா, பொள்ளலாக வார்த்ததா, பீடத்தின் அளவு யாது, அணிகலன்களின் நிறை எவ்வளவு என்பன அங்கே குறிக்கப்பட்டுள்ளன. அணிகலன்களை நிறுத்த கல்லுக்கும் நெல்லை அளந்த மரக்காலுக்கும் ஆடவல்லான் என்பதே பெயர். இறைவன் பெயரே நிறைகல்லாகவும் முகத்தலளவாகவும் வழங்கிய பொருளாதாரத்தின் நடுவில் அத்திருமேனி நின்றது. இலண்டன் விவாதத்தின் இரு தரப்பும் இந்த ஆவணங்களைத் தம் வாதத்தின் மையத்தில் வைக்கவில்லை. ஒரு தரப்பு வடிவத்தைக் கண்டது. மறு தரப்பு தத்துவத்தைக் கண்டது. வார்த்தவரின் தொழிலும், கொடுத்தவரின் பெயரும், காத்தவரின் கடமையும் இரண்டிலும் மறைந்தன.

மூன்றாவது எல்லை, உயிரோடிருக்கும் கலைஞர் பற்றியது. மரபுக்கலை காலங்கடந்தது என்றால், இன்றைய ஓவியர் அதிலிருந்து விலகிய ஒவ்வோர் அடியும் வீழ்ச்சியாகிவிடும். சென்னையில் கே. சி. எஸ். பணிக்கரும் அவர் மாணவர்களும் எதிர்கொண்ட இக்கட்டு இதுவே. ஐரோப்பிய நவீனத்தைப் பின்பற்றினால் போலி. மரபைப் பின்பற்றினால் கைவினை. 1960களில் பணிக்கர் தீட்டிய ‘சொற்களும் குறியீடுகளும்’ வரிசையில், வாசிக்க இயலாத எழுத்துகளும் சோதிடக் கட்டங்களை ஒத்த கோடுகளும் ஓவியப் பரப்பை நிறைத்தன. 1966இல் தோன்றிய சோழமண்டலம் கலைஞர் குடியிருப்பில், கைவினைப் பொருள்களை விற்ற வருவாயே ஓவியருக்கும் சிற்பியருக்கும் வாழ்வளித்தது. நுண்கலையும் தொழிற்கலையும் பிரிந்தவை என்னும் கோட்பாட்டுக்கு அக்குடியிருப்பின் கணக்கேடே மறுப்பாக அமைந்தது.

7. நீதிமன்றத்தில் கோட்பாடு

20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மேலைக் கோட்பாடே தன் அடித்தளத்தை மீளாய்வு செய்தது. கிளெமென்ட் கிரீன்பெர்க் 1939 முதல் வளர்த்த வடிவவாதத் திறனாய்வு, 1960களில் தன் செல்வாக்கின் உச்சத்தை எட்டிய வேளையிலேயே எதிர்ப்பையும் சந்தித்தது. ஆர்தர் டான்டோ 1964இல், கண்ணுக்குப் புலப்படும் எதுவும் ஒரு பொருளைக் கலையாக்குவதில்லை, அதனைச் சூழ்ந்த கோட்பாடும் வரலாறும் கொண்ட கலையுலகே ஆக்குகிறது என்றார். டேவிட் ஃப்ரீட்பெர்க் 1989இல் படிமங்களின் ஆற்றல் பற்றியும், ஆல்ஃபிரட் ஜெல் மறைந்தபின் 1998இல் வெளியான நூலில் கலைப்பொருளின் செயலாண்மை பற்றியும் எழுதினர். இந்துக் கோயில்களில் இறைவனைக் காண்பதும் இறைவனால் காணப்படுவதுமாகிய தரிசனத்தை ஜெல் தம் கோட்பாட்டுக்குச் சான்றாகக் கொண்டார். கலை என்னும் வகைக்குள் திருமேனி அடங்குமா என்ற பழைய வினா தலைகீழாயிற்று. திருமேனியைக்கொண்டே கலை யாது என வினவும் நிலை தோன்றியது.

நூலகத்தில் நிகழ்ந்த இம்மாற்றம் நீதிமன்றத்திலும் எதிரொலித்தது. 1976இல் பத்தூர் விசுவநாதசுவாமி கோயில் வளாகத்தில் மண்ணிலிருந்து வெளிப்பட்ட நடராசத் திருமேனி, கைமாறிக் கடல்கடந்து, 1982இல் கனடிய நிறுவனம் ஒன்றால் வாங்கப்பட்டு, இலண்டனில் காவல்துறையால் கைப்பற்றப்பட்டது. தொடர்ந்த வழக்கில் இடிந்துகிடந்த அக்கோயிலே ஒரு தரப்பாக நின்றது. கோயிலுக்குச் சட்ட ஆளுமை உண்டு என்னும் இந்தியச் சட்டநெறியை ஆங்கில நீதிமன்றம் ஏற்றது. 1991இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் கோயிலின் உரிமையை உறுதிசெய்தது. உலோகம், மண், கறையான் தடம் ஆகியவற்றோடு கலைநடை ஒப்பீடும் அங்கே சான்றாக ஆராயப்பட்டது. தொல்லியலறிஞர் இரா. நாகசாமி வல்லுநராகச் சாட்சியமளித்தார். படைப்பாளியை அடையாளங்காண ஐரோப்பியத் திறனாய்வு வளர்த்த நடையாய்வு, இங்கே இறைவனின் ஊரை அடையாளங்காணப் பயன்பட்டது. பேர்ட்வுட் கலையல்ல என்று ஒதுக்கிய இனத்தைச் சேர்ந்த திருமேனி, அவர் வாழ்ந்த நகரிலேயே, கலை மட்டுமன்று என்னும் காரணத்தால் வழக்கில் வென்றது.

ஆஸ்திரேலியத் தேசியக் கலைக்கூடம் 2008இல் வாங்கிய சிறீபுரந்தான் நடராசர் 2014இல் இந்தியாவுக்குத் திருப்பியளிக்கப்பட்ட நிகழ்வும் இவ்வரிசையில் எண்ணத்தக்கது. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தில் கோயில்தோறும் எடுத்துச் சேர்த்த நிழற்படங்கள் அத்திருமேனியின் ஊரைக் காட்டிக்கொடுத்தன. ஆயினும் வெற்றியின் முடிவு எளிதன்று. மீண்டுவந்த திருமேனிகள் பலவும் பாதுகாப்புக் கருதித் திருவாரூர் முதலிய இடங்களின் பாதுகாப்பு மையங்களில் வைக்கப்படுகின்றன. அங்கே அருங்காட்சியகத்தின் நோக்குநரும் இல்லை. ஊர்க்கோயிலின் விழாவும் இல்லை. கலைப்பொருள் என்னும் நிலையிலிருந்து மீட்கப்பட்டது திருமேனி என்னும் நிலையை முழுமையாக அடையாது, சொத்து என்னும் மூன்றாம் நிலையில் நின்றுவிடுகிறது.

8. முடிவுரை

மேற்கண்ட வரலாறு மூன்று முடிவுகளுக்கு இட்டுச்செல்கிறது. முதலாவது, கலை என்னும் வகைப்பாட்டுக்குள் ஒன்றைச் சேர்ப்பது எப்போதும் உயர்த்துவதாகாது. 1910இல் வென்ற தரப்பு நட்பின்பாற்பட்டதே. எனினும் வடிவவாதம் திருமேனியின் ஊரையும், தத்துவவாதம் அதன் காலத்தையும் நீக்கியே அதனை ஏற்றன. இரண்டாவது, குமாரசுவாமியின் கோட்பாட்டுக்குத் தமிழ்ச் சித்தாந்த நூல்களும் அவற்றைப் பெயர்த்தோரும் அடித்தளமாயினர் என்பது உலகக் கலைத் திறனாய்வு வரலாற்றில் உரிய இடத்தைப் பெறல்வேண்டும். மூன்றாவது, தமிழ்க் கலைவரலாறு ஐரோப்பாவுக்கு விடையிறுப்பதையே பணியாகக் கொள்ளாது, கல்வெட்டின் அளவைச் சொற்களிலிருந்தும் வார்ப்பாளரின் தொழிற்சொற்களிலிருந்தும் பதிகங்களின் காட்சிகளிலிருந்தும் தனக்குரிய திறனாய்வு மொழியை வகுத்துக்கொள்ள வேண்டும். பாதம் முதல் கேசம் வரை விரலால் அளந்து, இறைவனை எழுந்தருளுவித்ததாகவும் எழுதிய கல்வெட்டாளனுக்கு அளவும் அன்பும் முரண்பட்டவையாகத் தோன்றவில்லை.

புலம்பெயர் தமிழருக்கு இவ்வினா ஏட்டளவில் நிற்பதன்று. பாரிசின் கீமே அருங்காட்சியகத்தில் சோழர்கால நடராசர் கண்ணாடிக்கும் ஒளிவிளக்குக்கும் நடுவே நிற்கிறார். அதே நகரின் லா ஷப்பேல் பகுதியில், மாணிக்க விநாயகர் ஆலயத் தேர் ஆண்டுதோறும் தெருவில் வருகிறது, தேங்காய் உடைக்கப்படுகிறது, ஊழியர் ஓடு கூட்டுகின்றனர். இரண்டையும் காணும் இளந்தலைமுறையினர், முன்னதன் எதிரில் குரல் தாழ்த்தவும் பின்னதன் எதிரில் கை குவிக்கவும் ஒரே வாரத்தில் கற்றுக்கொள்கின்றனர். அவர்களுக்குக் கொடுக்கவேண்டிய கலைக்கல்வி இவ்விரு செயல்களுள் ஒன்றைத் தேர்ந்தெடுக்குமாறு கேட்பதாக அமைதல் கூடாது. இரண்டும் எவ்வாறு தோன்றின, எவர் தீர்மானத்தால் பிரிந்தன என்பதை வரலாறாக அறியச்செய்வதே அதன் முதற்கடமையாகும்.